இட்லி விற்பதில் என்ன கதை இருக்கிறது?

சயானில் படிக்கும் ஒரு தம்பி கேட்டிருக்கிறார்: "எங்கள் பெரியப்பா தாராவியில் முப்பது வருடமாக சைக்கிளில் இட்லி விற்கிறார். அவரைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க ஆசை. ஆனால் ஒருவர் தினமும் இட்லி விற்பதில் என்ன கதை இருக்கிறது, பத்து நிமிடத்துக்கு மேல் யார் பார்ப்பார்கள் என்று நண்பர்கள் கேட்கிறார்கள். சாதாரண வாழ்க்கையைக் காட்டும் படங்கள் பார்ப்பவர்களை எப்படி உட்கார வைக்கின்றன?"

உங்கள் நண்பர்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை. இருபது வருடத்துக்கும் மேலாக இந்த பம்பாயில் ஆவணப்படங்களுக்கு ஒலிப்பதிவு செய்கிறேன். இயக்குநர் இல்லை, கேமராமேனும் இல்லை. நீளக் கம்பின் நுனியில் மைக்கைக் கட்டிக்கொண்டு ஓரமாக நிற்கிறவன். நான் வேலை செய்த படங்களிலேயே பாதியை முழுசாக உட்கார்ந்து பார்க்க என்னால் முடிந்ததில்லை. மிச்சப் பாதியில் சில படங்கள் உண்டு, ஒன்றுமே நடக்காத மாதிரி இருக்கும், ஆனால் எழுந்திருக்க மனசு வராது. என்ன வித்தியாசம் என்று ரொம்ப நாள் யோசித்தேன். எடுத்தவர்கள் அந்த இடத்தில் எவ்வளவு நேரம் இருந்தார்கள் என்பது திரையில் தெரிந்துவிடுகிறது, அவ்வளவுதான். கதை, கருத்து, கேமரா எல்லாம் அதற்கு அப்புறம்.

நம் ஆட்களுக்கு ஆவணப்படம் என்றதும் கொட்டாவி வருவதற்கு ஒரு பழைய காரணம் இருக்கிறது. 1948-ல் மத்திய அரசு இதே ஊரில் ஃபிலிம்ஸ் டிவிஷனைத் தொடங்கியது. பெடர் ரோடில் அதன் வளாகத்தைப் பார்த்திருப்பீர்கள், இப்போது சினிமா அருங்காட்சியகமும் அங்கேதான். மெயின் படத்துக்கு முன்னால் அவர்களுடைய செய்திப்படத்தையோ ஆவணப்படத்தையோ அந்தக் காலத்தில் தியேட்டர்காரர்கள் போட்டே ஆகவேண்டியிருந்தது, அதற்கு வாடகையும் கட்டவேண்டியிருந்தது. அணை கட்டுவார்கள், வயலில் டிராக்டர் ஓடும், ஒரு குழந்தை சிரிக்கும். மேலே ஒரு கணீர்க் குரல், குழந்தை ஏன் சிரிக்கிறது என்று நமக்குச் சொல்லிக்கொண்டே வரும். மாட்டுங்கா அரோராவில் தமிழ்ப் படம் பார்க்கப் போனால் என் அப்பா டிக்கெட்டைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வெளியே டீ குடிப்பார். "இன்னும் அணைக்கட்டு முடியலை" என்று சொல்லிவிட்டு இன்னொரு டீ. தெரியாத மனிதர்களின் வாழ்க்கையை ஒரு குரல் அதட்டி விளக்கும் என்ற எண்ணம் இரண்டு தலைமுறைக்கு இப்படித்தான் ஏறியது.

ஆனால் அதே கட்டடத்தில் இருந்துதான் 1967-ல் எஸ்.என்.எஸ். சாஸ்திரியின் 'ஐ ஆம் 20' என்ற படமும் வந்தது. 1947 ஆகஸ்ட் 15 அன்று பிறந்தவர்களைத் தேடிப் பிடித்து, இருபது வயதில் அவர்கள் நாட்டைப் பற்றியும் தங்களைப் பற்றியும் என்ன நினைக்கிறார்கள் என்று கேட்கிறது. கணீர்க் குரல் இல்லை. சிலர் கனவு சொல்கிறார்கள், சிலர் அலுத்துக்கொள்கிறார்கள், சிலருக்குச் சொல்ல ஒன்றும் இல்லை. அந்த "ஒன்றும் இல்லை"யையும் வெட்டாமல் விட்டிருக்கிறார் மனிதர். யூடியூபில் இருக்கிறது, பாருங்கள். அரசு அலுவலகத்தின் உள்ளே இருந்துகொண்டே இதைச் செய்திருக்கிறார் என்பது எனக்கு இன்னமும் ஆச்சரியம்.

இன்னும் பின்னால் போனால், இந்த ஊர் முதன்முதலில் பார்த்த சினிமாவே அன்றாட வாழ்க்கைதான். 1896 ஜூலை 7 அன்று, காலா கோடாவில் இப்போது இடிந்து நிற்கும் எஸ்பிளனேட் மேன்ஷன் கட்டடத்தில், அன்றைய வாட்சன் ஹோட்டலில், லூமியேர் சகோதரர்களின் ஆறு துண்டுப் படங்களைக் காட்டினார்கள். ஒவ்வொன்றும் ஒரு நிமிடத்துக்கும் குறைவு. ரயில் ஸ்டேஷனுக்கு வருகிறது. ஒரு சுவரை இடிக்கிறார்கள். கடலில் குளிக்கிறார்கள். தொழிற்சாலை விட்டு ஆட்கள் வெளியே வருகிறார்கள். கதையே கிடையாது, கூட்டம் மட்டும் வந்தது. சில நாளில் நாவல்டி தியேட்டருக்கு மாற்றிக்கொண்டு போனார்கள். அதைப் பார்த்துக் கிறுக்குப் பிடித்த சாவே தாதா என்கிற பாட்வடேகர், ஸ்டூடியோ வைத்திருந்த மராத்திக்காரர், லண்டனில் இருந்து கேமரா வரவழைத்து 1899-ல் ஹேங்கிங் கார்டனில் இரண்டு பயில்வான்கள் குஸ்தி போடுவதை எடுத்தார். இந்தியர் ஒருவர் எடுத்த முதல் படங்களில் அது ஒன்று. பராசக்திக்கும் ஷோலேவுக்கும் வெகு காலம் முன்னால், நம் ஊரில் கேமரா பார்த்தது மண்ணில் புரண்ட இரண்டு உடம்புகளை.

ஆனால் அந்தத் தொழிற்சாலைப் படத்தில் ஒரு விஷயம் இருக்கிறது. அது ஒரே தடவையில் எடுத்தது இல்லை. மூன்று முறை எடுத்திருக்கிறார்கள். ஒன்றில் குதிரை இல்லை, ஒன்றில் ஒரு குதிரை, இன்னொன்றில் இரண்டு. அதை வைத்துத்தான் எது எது என்று அடையாளம் சொல்கிறார்கள். ஆக, அன்றாட வாழ்க்கையைப் படம் எடுக்க ஆரம்பித்த காலத்திலேயே "இன்னொரு வாட்டி வாங்க" என்று சொல்லியாகிவிட்டது.

1922-ல் ராபர்ட் ஃபிளாஹர்ட்டி கனடாவின் வடக்கே எஸ்கிமோ மக்களை வைத்து எடுத்த 'நானூக் ஆஃப் தி நார்த்' படத்தில் இது இன்னும் முற்றிவிட்டது. அவரை ஆவணப்படத்தின் தந்தை என்பார்கள். பனிவீட்டுக்குள் வெளிச்சம் போதாது, கேமராவும் நுழையாது. பாதி வீட்டை மட்டும் கட்டச் சொல்லி, திறந்த பக்கத்தில் கேமராவை வைத்து, குளிர்காற்றில் அந்தக் குடும்பத்தைத் தூங்கி எழச் சொன்னார். அவர்கள் அதற்குள் துப்பாக்கி வைத்து வேட்டையாடப் பழகியிருந்தார்கள். அவர் ஈட்டியை எடுக்கச் சொன்னார். நாயகனின் பெயர் நானூக்கே இல்லை, மனைவியாக வருபவர் அவர் மனைவி இல்லை. நூறு வருடமாக அந்தப் படத்தைப் பொய் என்று திட்டுகிறவர்களும் இருக்கிறார்கள், கும்பிடுகிறவர்களும் இருக்கிறார்கள்.

நான் நடுவில். இதைச் சொல்லியே ஆகவேண்டும், ஏனென்றால் உங்கள் பெரியப்பாவிடம் முதல் நாளே நீங்கள் இதைச் செய்யப் போகிறீர்கள். சைக்கிளை எடுத்துக்கொண்டு கிளம்புவார், ஃபோகஸ் தப்பியிருக்கும், "பெரியப்பா, இன்னொரு தடவை வாங்க" என்பீர்கள். வருவார். ஆனால் அந்த இரண்டாவது வருகையில் அவர் இட்லி விற்கப் போகவில்லை. கேமராவுக்கு முன்னால் போகிறார். கால் வைப்பதே வேறு மாதிரி இருக்கும். பார்க்கிறவருக்கு அது இன்னது என்று சொல்லத் தெரியாது, ஆனால் பின்பக்கம் நாற்காலியில் சாய்ந்துவிடுவார். அதற்குப் பதில் நாளைக் காலையும் அவர் அதே சந்தில் அதே நேரத்துக்குத்தான் கிளம்பப் போகிறார். நாளைக்குப் போய் எடுங்கள். அன்றாட வாழ்க்கையைப் படம் எடுப்பதில் இருக்கிற ஒரே பெரிய சௌகரியம், அது நாளையும் நடக்கும் என்பதுதான். இதைப் புரிந்துகொள்ளாமல் எத்தனை டைரக்டர்கள் அவசரப்படுகிறார்கள்!

சரி, இட்லிக்கே வருகிறேன். பத்து வருடம் முன்னால் இதே மாதிரி ஒரு படத்தில் வேலை செய்தேன். தாராவி 90 அடி ரோட்டில் இருந்து உள்ளே போகும் சந்து ஒன்றில், திருநெல்வேலிப் பக்கத்து அக்கா ஒருவர் தன் கோலியில் இட்லி அவித்து, தலைச்சுமையாகவும் சைக்கிளிலும் விற்கிற ஆட்களுக்குக் கொடுப்பார். கோலி என்றால் எங்கள் ஊரில் ஒற்றை அறை வீடு. பத்துக்குப் பத்து. அதில் நாலு அடி இட்லிக் கொப்பரைக்கும் அடுப்புக்கும் போய்விடும். மாலையில் மாவு ஆட்டி ராத்திரி புளிக்க வைத்து, மூன்று மணிக்கு முதல் ஈடு. ஆறு மணிக்குள் எல்லாம் அவிந்து, சட்னி சாம்பார் கேனோடு ஆட்கள் கிளம்பியிருக்க வேண்டும். ரப்பர் ஹாரனை அமுக்கி 'பாம் பாம்' என்று சத்தம் கொடுத்துக்கொண்டு அவர்கள் மாஹிம், சயான், குர்லா வரை பிரிந்து போவார்கள். பம்பாயில் குடியிருக்கிற யாருக்கும் அந்த ஹாரன் தெரியும். அதை அழுத்துகிற கைக்குப் பின்னால் ஒரு அக்கா மூன்று மணிக்கு எழுந்திருக்கிறார் என்பது தெரியாது. அதுதான் படம்.

முதல் நாள் நாங்கள் போனபோது அக்கா புதுப் புடவை கட்டி, பூ வைத்திருந்தார். சாமி படத்துக்கு மேலே கலர் பல்பு. என்ன கேட்டாலும் டிவி செய்தி வாசிப்பது மாதிரி, "நாங்கள் அதிகாலையில் எழுந்து இட்லி தயாரிக்கிறோம்" என்றார். தயாரிக்கிறோம்! போன நிமிடம்தான் தன் மகனை "ஏலே, சாக்கை நவட்டுல" என்று அதட்டியிருந்தார். எனக்குக் காதில் ஹெட்போன், இரண்டையும் கேட்டேன். டைரக்டர் அம்மா கெட்டிக்காரர், ஒன்றும் சொல்லவில்லை. அன்றைக்கு எடுத்தது அத்தனையும் வீண் என்று தெரிந்தும் முழுசாக எடுத்தார். இரண்டாம் நாளும் அப்படியே. மூன்றாம் நாள் பூ இல்லை. நாலாம் நாள் அக்கா, கேமரா காலில் இடித்ததற்காக எங்கள் கேமராமேனைத் திட்டினார். அன்றைக்குத்தான் படம் ஆரம்பம்.

இன்னொன்று, என் வேலை சம்பந்தப்பட்டது. மாலையில் கிரைண்டர் ஓடும்போது பேச்சு ஒன்றும் பதிவாகாது. அக்காவுக்கு என் மேல் இரக்கம். நான் மைக்கை நீட்டினாலே கிரைண்டரை அணைத்துவிடுவார். பேசி முடித்ததும் மறுபடி போடுவார். நானும் சந்தோஷமாக இருந்தேன், பளிங்கு மாதிரி ஒலி. அப்புறம் எடிட்டிங் டேபிளில் போட்டுப் பார்த்தால் தாராவியே இல்லை. யாரோ ஒரு அம்மா அமைதியான அறையில் உட்கார்ந்து பேட்டி கொடுக்கிறார். மறுநாள் போய், "அக்கா, நீங்க பாட்டுக்கு ஓட விடுங்க" என்றேன். கிரைண்டருக்கு மேலே கத்திப் பேசினார். பாதி வார்த்தை கேட்காது. படத்தில் அதுதான் இருக்கிறது. கேட்காத பாதியை எட்டிக் கேட்க, பார்க்கிறவர் முன்னால் சாய்கிறார். பார்வையாளரை ஈடுபடுத்துவது என்று பெரிய வார்த்தையில் சொல்கிறார்கள் பாருங்கள், என் அனுபவத்தில் அது இந்த நாலு அங்குலச் சாய்வுதான்.

கேமரா இருக்கும் இடத்திலேயே பேச்சையும் பதிவு செய்வது என்பது 1960 வாக்கில்தான் சுலபமானது. தோளில் மாட்டுகிற நாக்ரா ரிக்கார்டரும் சத்தம் போடாத 16 எம்எம் கேமராவும் வந்த பிறகு. அதற்கு முன்னால் பெரும்பாலும் ஊமையாக எடுத்து, ஸ்டூடியோவில் குரல் கொடுப்பார்கள். கணீர்க் குரல் பிறந்ததற்கு கர்வம் மட்டும் காரணம் இல்லை, கருவியும் காரணம். விதிவிலக்கு இல்லாமல் இல்லை. 1935-லேயே லண்டன் சேரிகளுக்குப் பெரிய கருவிகளைத் தூக்கிக்கொண்டு போய், 'ஹவுசிங் பிராப்ளம்ஸ்' என்ற படத்தில் எலித் தொல்லையை அங்கே குடியிருந்தவர்கள் வாயாலேயே சொல்ல வைத்தார்கள். எலியைப் பற்றி அந்தப் பெண்மணி பேசும்போது தாராவி அத்தைகள் நினைவுக்கு வராமல் இருக்காது. இன்றைக்கு உங்கள் போனில் அவ்வளவும் இருக்கிறது, ஆனால் பாதிப் பேர் இன்னும் மேலே ஒரு குரலைப் போட்டு விளக்குகிறார்கள். கூடவே சோக வயலின். எந்த ஏழை திரையில் வந்தாலும் இந்த வயலின்காரர் எங்கிருந்தோ வந்துவிடுகிறார்.

விளக்கம் இல்லாமல் விட்டால் என்ன ஆகும் என்பதற்கு நம் மதுரை அமுதன் ஆர்.பி. எடுத்த 'பீ' படத்தைப் பாருங்கள். 2003-ல் வந்தது, அரை மணி நேரம்கூட வராது. மதுரையில் ஒரு கோயிலை ஒட்டிய தெருவில் மலம் அள்ளும் ஒரு துப்புரவுப் பெண் தொழிலாளி. அவர் வேலையைத் தொடங்கியதில் இருந்து கேமரா கூடவே நடக்கிறது. சாம்பல் போடுகிறார், அள்ளுகிறார், அடுத்ததற்குப் போகிறார். சாதாரணமாக இரண்டு ஷாட்டில் முடித்துவிடுவார்கள், "இப்படித்தான் இவர்கள் தினமும்" என்று ஒரு வாக்கியமும் சேர்த்து. இங்கே அந்தத் தெரு முடிவதாக இல்லை. பத்தாவது தடவை அள்ளும்போது நமக்கு முதலில் அருவருப்பு, அப்புறம் கோபம், அப்புறம் 'போதும், நிறுத்துங்கள்' என்று தோன்றும். அந்த 'போதும்' அந்த அம்மாவுக்கு எத்தனை வருடமாக இருக்கும் என்று அப்போது நாமே கணக்குப் போடுவோம். அலுப்பையே ஆயுதமாக வைத்த படம் அது. அன்றாடம் என்கிற வார்த்தைக்குள் இருக்கிற 'தினமும்' அப்போதுதான் உறைக்கிறது. முதல் தடவை பார்த்தபோது நான் ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு வெளியே போய் நின்றேன்.

நீளமாகக் காட்டினால் எல்லாம் நல்ல படமாகிவிடும் என்று அர்த்தம் செய்துகொள்ளாதீர்கள். ஒருவர் டீ குடிப்பதை ஏழு நிமிடம் காட்டிவிட்டுக் கலை என்பவர்களோடும் வேலை செய்திருக்கிறேன், அந்த நேரத்தில் என் கை வலித்ததுதான் மிச்சம். நீளம் தாங்க வேண்டுமானால் உள்ளே ஒரு கேள்வி கொதித்துக்கொண்டு இருக்கவேண்டும். பெரிய கேள்வியாக இருக்கத் தேவையில்லை.

அக்கா வீட்டில் எங்களுக்குக் கிடைத்த கேள்வி, மாவு ஏறியதா இல்லையா. ஜூலை மாதம், விடாத மழை, ஈரக் காற்றில் குளிர். மூன்று வாளி மாவு. முதல் ஈடு பூவாக வந்தது. இரண்டாவது வாளியில் கரண்டியை விட்டதுமே அக்காவின் முகம் மாறியதை கேமராமேன் பிடித்துவிட்டார். ஒன்றும் பேசவில்லை. ஊற்றினார், மூடினார். வாசலில் இரண்டு பையன்கள் காலி கேனோடு, தலையில் பிளாஸ்டிக் பையைக் கவிழ்த்துக்கொண்டு நிற்கிறார்கள். மணி நாலே முக்கால். மூடியைத் திறந்து, தண்ணீரில் விரலை நனைத்து ஒரு இட்லியை அமுக்கினார். விரல் உள்ளே போகவில்லை. நாற்பது விநாடி யாரும் வாயைத் திறக்கவில்லை. மழை தகரத்தில் விழுகிற சத்தமும் அடுப்புச் சத்தமும்தான். பிறகு, "ரெண்டாவது வாளி ஏறலல. உதுத்து உப்புமாவாக்கிரலாம். மூணாவதுக்கு அடுப்பக் கூட்டு" என்றார்.

ஒரு ஈடு போனால் அன்றைய லாபம் போனது. இதை யாரும் கேமராவைப் பார்த்து விளக்கவில்லை. ஆனால் அதற்கு முன்னால் பத்து நிமிடம் அரிசி விலையும் கேஸ் விலையும் அவர் வாயால் கேட்டிருப்போம், அதனால் பார்க்கிறவருக்கே தெரிந்துவிடும். மூன்றாவது மூடி திறக்கிற வரை அரங்கில் யாரும் போனை எடுத்து நான் பார்த்ததில்லை. பேய்ப் படத்தில் கதவு திறக்கிற மாதிரி ஒரு கொப்பரை மூடி! எடுத்தது மொத்தம் அறுபது மணி நேரத்துக்கு மேல், படம் முப்பத்து நாலு நிமிடம், அதில் இந்த இடம் ஐந்து நிமிடம். ஐந்து நாளில் முடித்திருந்தால் இது எங்களுக்குக் கிடைத்திருக்காது. பதினேழாம் நாள் கிடைத்தது.

டெல்லி வசீராபாதில் அடிபட்ட பருந்துகளுக்கு வைத்தியம் பார்க்கும் சகோதரர்களைப் பற்றி ஷௌனக் சென் எடுத்த 'ஆல் தட் ப்ரீத்ஸ்' படமும் இப்படித்தான், ஏறக்குறைய மூன்று வருடம் எடுத்திருக்கிறார்கள். 2022-ல் கான் விழாவில் விருது வாங்கியது. அந்தப் படத்தில் பருந்தை விட எனக்குப் பிடித்தது, பேசிக்கொண்டே இருக்கும்போது அந்த வீட்டில் நடக்கிற சின்னச் சின்ன இடைஞ்சல்கள். இடைஞ்சல் எல்லாம் காத்திருந்தவனுக்குத்தான் கிடைக்கும்.

இனி கொஞ்சம் கசப்பான பக்கம். ஆனந்த் பட்வர்தன் 1985-ல் எடுத்த 'பாம்பே அவர் சிட்டி' பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். குடிசை இடிப்பைப் பற்றி இந்த ஊரில் எடுத்த படங்களில் அதைத் தாண்டி ஒன்று எனக்குத் தெரியாது. தேசிய விருது கிடைத்தது. அதில் ஒரு பெண் கேமராவைப் பார்த்தே கோபமாகப் பேசுவார். ஏழைகளைப் படம் பிடித்து நீங்கள் பேர் வாங்கிக்கொள்வீர்கள், எங்களுக்கு அதனால் என்ன ஆகப்போகிறது என்கிற கேள்வி. எடிட்டிங்கில் சத்தமில்லாமல் தூக்கி எறிந்திருக்கலாம். பட்வர்தன் வைத்திருந்தார். அதுவரைக்கும் 'ஐயோ பாவம்' என்று பார்த்துக்கொண்டிருந்த நாம், அந்த நிமிடத்தில் இருந்து, நாம் எந்த நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறோம் என்று யோசிக்க ஆரம்பிப்போம். என்னைக் கேட்டால் அந்தப் படத்தின் உயிர் அங்கேதான்.

அந்தப் படத்தில் பாடிய பாடகர் விலாஸ் கோக்ரே. 1997 ஜூலை 11 அன்று காட்கோபர் ரமாபாய் நகரில், அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டதை எதிர்த்துத் திரண்ட தலித் மக்கள் மேல் போலீஸ் சுட்டதில் பத்துப் பேர் இறந்தார்கள். அதைத் தாங்காமல் சில நாளில் கோக்ரே தூக்குப் போட்டுக்கொண்டார். பட்வர்தன் மறுபடி கேமராவை எடுத்தார். பதினாலு வருடம். 2011-ல் 'ஜெய் பீம் காம்ரேட்' முடிந்தபோது அது மூன்று மணி நேரத்துக்கும் மேல். அந்த மக்கள் குடியிருக்கிற பகுதிகளில் திறந்த வெளியில் திரை கட்டிக் காட்டியபோது கூட்டம் உட்கார்ந்து பார்த்தது. மூன்று மணி நேர ஆவணப்படத்தை யார் பார்ப்பார்கள் என்று உங்கள் நண்பர்கள் கேட்பார்கள் இல்லையா, அவர்கள் பார்த்தார்கள். தங்கள் ஆட்களை இவ்வளவு நாள் யாரும் காது கொடுத்துக் கேட்டதில்லை என்று தெரிந்தவர்கள்.

இதனால்தான் எங்கே காட்டுகிறீர்கள் என்பதையும் இப்போதே யோசியுங்கள். 2004-ல் மும்பை சர்வதேசத் திரைப்பட விழா, இந்தியப் படங்களுக்கு மட்டும் சென்சார் சான்றிதழ் கேட்டு, எதிர்ப்பு வந்து அதைக் கைவிட்டாலும் பல படங்களை ஒதுக்கியபோது, படம் எடுப்பவர்கள் ஒன்று சேர்ந்து பிரபாதேவி பூபேஷ் குப்தா பவனில் 'விகல்ப்' என்று தனி விழாவே நடத்தினார்கள். அரசு விழாவில் கிடைக்காத கூட்டம் அந்தச் சின்ன ஹாலில் தரையில் உட்கார்ந்திருந்தது. தியேட்டர், ஓடிடி எல்லாம் நடந்தால் நல்லது. ஆனால் ஆவணப்படத்துக்கு உண்மையான கூட்டம் இப்படி ஹாலிலும் மொட்டை மாடியிலும் கோயில் திடலிலும்தான் சேர்கிறது, படம் முடிந்ததும் எழுந்து நின்று சண்டை போடுகிறது.

எங்கள் இட்லிப் படத்தை இரண்டு இடத்தில் காட்டினோம். பாந்த்ராவில் ஒரு ஹாலில் நிசப்தமாகப் பார்த்தார்கள், முடிந்ததும் கை தட்டினார்கள். அப்புறம் லைசென்ஸ் இருக்கிறதா, மாதம் எவ்வளவு வருமானம், பையன் ஏன் பள்ளிக்கூடம் போகவில்லை என்று கேட்டார்கள். நியாயமான கேள்விகள்தான். அடுத்த வாரம் தாராவியில் சந்து முனையில் வேட்டியைக் கட்டிப் போட்டோம். அங்கே முதல் நிமிடத்தில் இருந்தே பேச்சு. "அந்தா எங்க வீட்டுக் கதவு" என்று ஒரு குரல். இரண்டாவது வாளியில் அக்கா கரண்டியை விட்டதும் முன்வரிசை அம்மாக்கள் எல்லாம் 'ச்சொ' என்றார்கள். "மழைக்கு ஏறாதுட்டி, வெந்நிப் பானைக்குப் பக்கத்துல வைக்கணும்" என்று ஒருத்தர். "உளுந்து பழசா இருக்கும்" என்று இன்னொருத்தர். மூன்றாவது மூடி திறந்து ஆவி வந்ததும் விசில் அடித்தார்கள். ஒருவர்கூட அக்காவைப் பாவம் என்று சொல்லவில்லை. தொழில் தெரிந்தவர்கள் தொழிலைப் பார்த்தார்கள். உங்கள் பெரியப்பா படத்தையும் முதலில் இட்லி விற்கிறவர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள். அவர்கள் எங்கே பேச்சை நிறுத்துகிறார்களோ, அந்த இடத்தை எந்த எடிட்டர் சொன்னாலும் வெட்டாதீர்கள்.

ஆனால் அதற்கும் முன்னால் பெரியப்பாவுக்கே காட்டவேண்டும். 1960-ல் பாரிஸில் ழான் ரூஷும் எட்கர் மொரானும் தெருவில் போகிறவர்களிடம் 'நீங்கள் சந்தோஷமாக இருக்கிறீர்களா' என்று கேட்டு ஒரு படம் எடுத்தார்கள். அதை அதில் வந்தவர்களுக்கே போட்டுக் காட்டி, அவர்கள் சண்டை போட்டுக்கொள்வதையும் படத்திலேயே சேர்த்தார்கள். அவ்வளவு தூரம் போகாவிட்டாலும், ஆளை உட்கார வைத்துக் காட்டுவது குறைந்தபட்ச மரியாதை. இதைச் செய்யாமல் ஒருமுறை நான் வேலை பார்த்த டிவி நிறுவனம் ஒன்று, எடுத்த காட்சியை வேறொரு நிகழ்ச்சியில் 'அசுத்தமான உணவு' என்ற தலைப்பின் கீழ் ஓட்டியது. மைக் பிடித்தவன் என்று அந்தத் தெருவுக்குள் நான் தலை காட்ட ஒரு வருடம் ஆயிற்று.

அக்காவுக்கு அவர் கோலியிலேயே லேப்டாப்பில் காட்டினோம். மகன், மருமகள், கேன் தூக்கும் பையன்கள் எல்லாம் சுற்றி. பார்த்து முடித்ததும் ரொம்ப நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு என்னைப் பார்த்து, "அந்த ரெண்டாம் ஈட்டப் போயி ஏன் தம்பி காமிச்சீங்க? அக்கா வீட்டு இட்லி கல்லுன்னு ஊர் சொல்லாதா?" என்றார். டைரக்டருக்கு முகம் வெளிறிவிட்டது. படமே அந்த ஐந்து நிமிடம்தான். இருந்தாலும், "வேண்டாம் என்றால் எடுத்துவிடுகிறோம் அக்கா" என்றார். நான் மனசுக்குள் சாமியைக் கும்பிட்டேன்.

அக்கா இன்னொரு தடவை போடச் சொன்னார். இந்த முறை மூடி திறக்கிற இடத்தில் லேப்டாப்புக்குக் கிட்டே குனிந்து பார்த்தார். "இருக்கட்டும். ஆனா மூணாவது நல்லா வந்துச்சுல்ல, அத ஏன் சட்டுனு முடிச்சிட்டீங்க? அத நல்லா காட்டுங்க. எல்லாத் தட்டையும் காட்டுங்க." எடிட்டர் பன்னிரண்டு விநாடி கூட்டினார். படத்துக்கும் அதுதான் சரியாக இருந்தது, நாங்கள் யாரும் யோசிக்கவில்லை.

அந்தப் பன்னிரண்டு விநாடிக்குப் படம் இருந்தது, ஒலி இல்லை. அன்றைக்கு அந்த நேரம் பார்த்து பேட்டரி மாற்றிக்கொண்டு இருந்திருக்கிறேன். ஃபிளாஹர்ட்டியைப் பற்றி மேலே இவ்வளவு பேசியவன், மழை நாள் ஒன்று பார்த்து மறுபடி மூன்று மணிக்கு எழுந்து, ஈடு தட்டுகிற சத்தத்தை மட்டும் பதிவு செய்துகொண்டு வந்தேன். "எந்த ஈடு வேணும் தம்பி, ரெண்டாவதா மூணாவதா?" என்று கேட்டுச் சிரித்துவிட்டு, அக்கா நாலு இட்லியை இலையில் வைத்து நீட்டினார்.